புருஷன் சண்டைக்குப் போயிட்டா கோட்டையில இருந்த சீமாட்டிக்கு என்ன வேலை?

குழப்பவாதி: மக்களே ஒரு டவுட்டு. பழைய இங்கிலாந்து கதை சீரியல் ஒண்ணு பாக்குறேன், உள்நாட்டுப் போர் வந்ததும் ஆம்பளைங்க குதிரையேறிப் போயிடுறாங்க, பிரபு வீட்டுப் பொம்பளைங்க ஜன்னலோரம் நின்னு அழுதுட்டே இருக்காங்க. நிஜமாவே அவ்ளோதானா?

பழங்கணக்கு: அழ நேரம் ஏது ப்ரோ. லெஸ்டர் சீமாட்டி எலினோர் டி மான்ட்ஃபோர்ட்டோட வீட்டுக் கணக்கு, 1265 பிப்ரவரிலேர்ந்து ஆகஸ்ட் வரைக்கும், தோல் சுருள்ல இன்னும் இருக்கு. ரொட்டி, வைன், அடுப்படிச் செலவு, லாயத்துல எத்தனை குதிரைக்குத் தீனி, யார் விருந்தாளினு தினமும் எழுதி வச்சிருக்காங்க. தவக்காலத்துல கறி கிடையாதே, ஒரு நாளைக்கே நூத்துக்கணக்குல ஹெர்ரிங் மீன். தூது போற ஒரு ஆளுக்குப் பேரு ஸ்லிங்காவே, கடுதாசி கையில குடுத்தா பறந்துடுவான் போல 😄

கோட்டைவாசி: அந்தம்மா நிலைமை ரொம்ப சிக்கல். ராஜா மூணாம் ஹென்றி கூடப்பொறந்த அண்ணன், அவரை எதிர்த்து நின்னது புருஷன் சைமன். 1264 மே மாசம் லூயிஸ்ங்கிற ஊர்ல நடந்த சண்டையில அண்ணன் தோத்துட்டார், அண்ணன் மகன் எட்வர்டும் மாட்டிக்கிட்டான். மறு வருஷம் மார்ச்ல அதே எட்வர்ட் கைதியா ஓடியம் கோட்டைக்கு வந்து அத்தை வீட்டுச் சாப்பாடு சாப்பிட்டான், மே கடைசில ஹெர்ஃபோர்ட்ல காவலை ஏமாத்திட்டு ஓடிட்டான்.

குழப்பவாதி: அத்தை சோறு போட்டும் ஓடிட்டானா 😂 அப்புறம்?

பழங்கணக்கு: ஜூன் ஆரம்பத்துலயே அத்தை ஓடியத்தைக் காலி பண்ணிட்டு போர்ட்செஸ்டர் வழியா டோவர் கோட்டைக்குப் போயிட்டாங்க. அங்க வின்செல்ஸி, சாண்ட்விச்ங்கிற துறைமுக ஊர்ப் பெரியவங்களைக் கூப்பிட்டு விருந்து வேற. சும்மா உபசாரம்னு நான் நம்ப மாட்டேன், கப்பலெல்லாம் அந்த ஊர்க்காரங்க கையிலதான இருந்துச்சு. ஆகஸ்ட் 4 ஈவ்ஷம் சண்டையில புருஷனும் மூத்த மகனும் ஒரே நாள்ல போயிட்டாங்க. சைமன் தலையை வெட்டி எதிர்க்கட்சி பிரபுவோட பொண்டாட்டி மாட் மார்ட்டிமருக்கு அனுப்பி வச்சாங்க. கணக்கு மட்டும் அந்த மாசக் கடைசி வரைக்கும் ஓடுது.

கோட்டைவாசி: அக்டோபர்ல எட்வர்டே டோவர் வாசல்ல வந்து நின்னான். அந்தம்மா தன்னோட இருந்த வேலையாட்களுக்கு அவன்கிட்ட மன்னிப்பு வாங்கிக் குடுத்துட்டுதான் பிரான்ஸுக்குக் கப்பல் ஏறினாங்க. 1275ல மோன்டார்ஜி மடத்துல காலமானாங்க.

குழப்பவாதி: அப்போ ஸ்லிங்காவேக்கும் மன்னிப்பு கிடைச்சிருக்குமா?