ஆன்ஜெலிகோ வியெய்ரா: பாடகனா, சேனல் வார்த்த பொம்மையா?

சுருதிபேதம்:
போன வாரம் இங்கே ஐரோப்பியப் பாட்டு பற்றிப் பேசும்போது ஒருவர் போர்ச்சுகலின் டி'ஸர்ட் குழுவைத் தூக்கிவைத்து எழுதி, அதில் ஆன்ஜெலிகோ வியெய்ராவை "ஒரு தலைமுறையின் குரல்" என்று முடித்திருந்தார். பதில் எழுதப் போய் நீண்டுவிட்டது. அதனால் தனி இழை.

ஆளைத் தெரியாதவர்களுக்கு: 1982 டிசம்பர் 31, லிஸ்பனில் பிறந்தவர். மாடலாக இருந்து நடிப்புக்கு வந்தவர். டிவிஐ சேனலில் 'மொராங்குஷ் கோம் அசூக்கர்' என்று ஒரு பள்ளிக்கூட சீரியல். 'சர்க்கரை போட்ட ஸ்ட்ராபெரி' என்று அர்த்தம். அதன் 2004-05 சீசனில் டேவிட் என்ற பையனாக நடித்தார். கதைப்படி நான்கு பையன்கள் ஒரு பாட்டுக் குழு தொடங்குகிறார்கள். அந்தக் குழுதான் டி'ஸர்ட். 2005-இல் அது திரையை விட்டு வெளியே வந்து நிஜ ஆல்பம் போட்டது, வாரக்கணக்கில் விற்பனைப் பட்டியலின் உச்சியில் உட்கார்ந்தது. 2008-இல் தனி ஆல்பம். கூடவே சீரியல்கள். 2011 ஜூன் 25 விடியற்காலையில் கார் விபத்து, 28-ஆம் தேதி மரணம். வயது 28.

என் கருத்து சுருக்கமாக: சுமாரான நடிகர், சுமாரான குரல், நல்ல முகம். மீதி எல்லாம் சேனலின் கைவேலை. அதற்கப்புறம் சாவு வந்து எல்லாவற்றுக்கும் ஒளிவட்டம் போட்டுவிட்டது. ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை. சீரியல் பேரிலேயே சர்க்கரை இருப்பது வேறு விஷயம்.

கடுகுமணி:
உயிரெழுத்தே இல்லாத பேர் வச்ச குழு. டி, இசட், ஆர், டி. இதுல சுருதி எங்க தேடுறது சார்?

இன்னொண்ணு. மீதி மூணு பேர்ல ஒருத்தர் பேர் பாவ்லோ விண்டேம். விண்டேம்னா பழைய போர்ச்சுகல் நாணயம். இன்னொருத்தர் மேடைப்பேர் சிஃப்ரான். அதுன்னா காசுக்குறி. நான் ஒண்ணும் சொல்லலை.

பழைய ஆன்டெனா:
சுருதிபேதம் ஐயா, "சேனலின் கைவேலை" என்று ஒரே வரியில் தாண்டிவிட்டீர்கள். சுவாரசியமே அங்கேதான்.

போர்ச்சுகலுக்கு சீரியல் பைத்தியம் பிரேசிலில் இருந்து வந்தது. 1977-இல் 'கப்ரியேலா'வை அரசு சேனலான ஆர்டிபி ஒளிபரப்பியது. சொந்தமாக முதல் சீரியல் எடுக்க 1982 ஆயிற்று. அது 'வில ஃபாயா'. அதற்கப்புறமும் நெடுநாள் நாட்டு மக்கள் மாலையில் கேட்டது ரியோ உச்சரிப்பைத்தான். தாய்நாடு குடியேற்ற நாட்டின் பேச்சைக் கேட்டுப் பழகிய வேடிக்கை அது.

டிவிஐ 1993-இல் கத்தோலிக்கத் திருச்சபையின் தொடர்போடு ஆரம்பித்த சேனல். (அதே சேனல் 2000-இல் பிக் பிரதர் போட்டுத்தான் மேலே வந்தது என்பதை நினைத்து அடிக்கடி சிரித்துக்கொள்வேன்.) பிறகு உள்ளூர் சீரியல்களில் முழுசாக இறங்கினார்கள். 2003-இல் மொராங்குஷ், 2012 வரை ஒன்பது சீசன். பதின்வயதுப் பிள்ளைகள் தங்கள் ஊர்ப் பேச்சை, தங்கள் ஊர்க் கடற்கரையை, தங்களைப் போன்ற பள்ளிக்கூடத்தைத் தினமும் சாயங்காலம் பார்த்தார்கள். கொலேஜியோ த பாரா என்ற அந்தக் கற்பனைப் பள்ளியில்தான் டி'ஸர்ட் பிறந்தது.

இப்போது கணக்கைப் பாருங்கள். அன்றைக்கு டிவிஐயின் முதலாளி மீடியா கேப்பிட்டல் குழுமம். சீரியலை எடுத்த என்பிபி கம்பெனியும் அதே வீடு. ஆல்பம் வெளியிட்ட ஃபரோல் அதே வீடு. பாட்டைப் போட ரேடியோ கொமெர்சியால், சிடாடே எஃப்எம். அவையும் அப்போது அதே வீடு. நெல் விதைத்தவனே அரைத்து, வடித்து, பந்தியும் பரிமாறின மாதிரி. கதையில் அந்தப் பையன்கள் பாட்டை எழுதித் திணறுவதைப் பார்த்த பிள்ளைக்கு, ஆல்பம் கடைக்கு வரும்போது அது புதுப் பாட்டே இல்லை. தன் வகுப்புப் பையன் போட்ட பாட்டு.

சுருதிபேதம்:
நன்றி ஆன்டெனா ஐயா. எனக்காக நீங்களே வாதாடிவிட்டீர்கள்.

பழைய ஆன்டெனா:
இல்லையே. பந்தி எப்படி நடந்தது என்று சொன்னேன். சாப்பாடு எப்படி இருந்தது என்று நான் இன்னும் சொல்லவில்லை. அதே சீரியல் பின்னால் ஃபோர்டேஸ்ட் குழுவைப் பெற்றது, ஜஸ்ட் கேர்ல்ஸைப் பெற்றது, எஃப்எஃப் என்ற பாடகரைப் பெற்றது. அதே வீடு, அதே பந்தி. 2023-இல் பல இரவுகள் லிஸ்பனின் அல்டிஸ் அரங்கை நிரப்பியது எந்தக் குழு? டி'ஸர்ட்தான். ஆலை மட்டும் போதும் என்றால் எல்லா மூட்டையும் ஒரே விலைக்குப் போயிருக்க வேண்டும்.

லிஸ்பன்_சுப்பு:
நான் இங்க ஒரு ரெஸ்டாரண்ட் கிச்சன்ல வேலை. எங்ககூட ஒரு அக்கா, போர்த்துகீசுக்காரங்க, முப்பது தாண்டினவங்க. ரேடியோவுல 'பாரா மிம் தாந்து ஃபாஸ்' வந்தா தட்டு கழுவுறதை நிறுத்திடுவாங்க. "எனக்கு எதுவானாலும் ஒண்ணுதான்"னு அர்த்தம் வர்ற பாட்டு. ஆனா அவங்களுக்கு அது ஒண்ணும் "எதுவானாலும்" இல்லை. 2005-ல அவங்க பன்னெண்டு வயசு. ரூம் கதவுல நாலு பேர் போஸ்டர், அதுல ஆன்ஜெலிகோ முகத்துல மட்டும் கிழியாம இருக்க டேப் ஒட்டி வச்சிருந்தாங்களாம்.

2023 கச்சேரிக்கு டிக்கெட் வாங்க விடியற்காலையில இருந்து போனும் கையுமா இருந்தாங்க. மூணு பேர்தான் மேடைக்கு வர்றாங்கன்னு தெரிஞ்சேதான்.

சுருதிபேதம்:
சுப்பு தம்பி, அந்த அக்காவின் கண்ணீரை நான் சந்தேகிக்கவில்லை. அது பன்னிரண்டு வயசுக்கான கண்ணீர். எனக்கும் சின்ன வயதில் கேட்ட சோப்பு விளம்பரப் பாட்டு வந்தால் நெஞ்சு கரையும். அதற்காக சோப்புக் கம்பெனி இசை மேதையாகிவிடாது.

போர்ச்சுகலிலேயே ஒப்பிடுங்கள். சிமோன் த ஒலிவெய்ரா. 1938-இல் பிறந்தவர், வானொலியின் பயிற்சிக் கூடத்தில் தயாரானவர். 1969-இல், ஐரோப்பிய நாடுகள் மோதும் யூரோவிஷன் பாட்டுப் போட்டிக்குப் போன அவர் பாட்டில், பெண் தன் ஆசையோடு பிள்ளை பெறுவதைச் சொல்லும் ஒரு வரி இருந்தது. சர்வாதிகாரம் நடந்த நாட்டில், அந்தக் காலத்தில். ஊரே கொந்தளித்தது. மாட்ரிட் போட்டியில் கிடைத்தது 4 புள்ளி. திரும்பி வந்தபோது சாந்தா அப்போலோனியா ரயில் நிலையத்தில் வரவேற்கக் கூட்டம் முட்டியது. கொஞ்ச நாளில் குரலே போயிற்று. பல வருடம் போராடி, கீழிறங்கிய கனத்த குரலோடு திரும்பி வந்து, அந்தக் குரலிலேயே 2022 வரை பாடினார். நடிகையும்கூட. நடிகர்-பாடகர் என்றால் எனக்கு அதுதான் அளவுகோல்.

தேன்மொழி_கே:
அளவுகோல் சரி, அளக்கும் இடம் சரியில்லை. சிமோன் அம்மாவுக்குக் குரல் போகும்போது வயது முப்பத்தொன்று. நீங்கள் மெச்சுகிற அந்தக் கனத்த குரல் அதற்கப்புறம் வந்தது. ஆன்ஜெலிகோவுக்கு முப்பத்தொன்று வரவே இல்லை. இருபத்தெட்டு வயதுவரை கிடைத்ததை வைத்து எடை போடுங்கள், சிமோனையும் அதே வயதில் வைத்துப் போடுங்கள்.

இன்னொன்று: அந்தம்மாவை வீடு வீடாகக் கொண்டுபோனதும் யூரோவிஷன் என்ற தொலைக்காட்சி நிகழ்ச்சிதான். டிவி செய்தால் பொம்மை, வானொலி செய்தால் கலைஞரா?

கடுகுமணி:
அம்மா ஒரு போடு போட்டாங்க பாருங்க. சார் தண்ணி குடிங்க.

சுருதிபேதம்:
குடித்தாயிற்று. வானொலி பாடக் கற்றுக்கொடுத்தது, டிவிஐ முகத்தைத் தேர்ந்தெடுத்தது. வித்தியாசம் இதுதான். தேன்மொழி சொல்கிற வயதுக் கணக்கை ஏற்கிறேன். ஆனால் "இருந்திருந்தால்" என்பதை வைத்துக் கச்சேரி விமர்சனம் எழுத முடியாது.

பழைய ஆன்டெனா:
2008-ஐ விட்டுவிட்டீர்கள். குழுவின் புகழ் இருக்கும்போதே தன் பேரையே தலைப்பாக வைத்துத் தனி ஆல்பம் போட்டார். 'பைலரீனா' அதில்தான். கிடார் வைத்துக் குதிக்கும் பள்ளிக்கூடப் பாப் இல்லை அது. ஆர் அண்ட் பி பக்கம், நடனத்துக்கான இசை. சேனல் பொம்மை என்றால் ஓடுகிற சரக்கைத்தானே திரும்ப ஓட்டியிருப்பார்? அதே வருடம் 'ஃபெய்திசு த அமோர்' என்ற பெரியவர்களுக்கான சீரியல். ஸ்கூல் பையை ஒரேயடியாகக் கழற்றிவைக்கப் பார்த்த ஆள் அவர்.

வெற்றி பெற்றாரா என்றால், பாதி. தனி ஆல்பம் டி'ஸர்ட் அளவுக்கு ஊரைப் பிடிக்கவில்லை. நடிப்பிலும் அழகன் வேடத்தைத் தாண்டி அவரை யாரும் எழுதிப் பார்க்கவில்லை என்பது என் எண்ணம்.

ரசிகன்78:
எல்லோரும் நாசூக்காகச் சுற்றிச் சுற்றி வருகிறீர்கள், நான் நேராகக் கேட்கிறேன். வண்டியை ஓட்டியது அவர். ஏ1 நெடுஞ்சாலை, எஸ்தரேஜா பக்கம், நடுராத்திரி தாண்டி. கூட இருந்த நண்பர் ஒருவர் அங்கேயே செத்துப்போனார். ஒரு இளம்பெண் படுகாயம். இதை வைத்துக்கொண்டு "இளவரசன் மறைந்தான்" என்று புகழஞ்சலி பாடுவது எனக்கு ஒட்டவில்லை.

லிஸ்பன்_சுப்பு:
டயர் வெடிச்சதுன்னுதான் அண்ணா அப்பவே செய்தி. வேணும்னே யாரும் போய் மோதலை.

ரசிகன்78:
வேண்டுமென்றே என்று நான் சொன்னேனா? போர்ட்டோவில் ஆஸ்பத்திரி வாசலில் கேமரா, மூன்று நாள் நேரலை, ரசிகைகளின் அழுகை. செத்துப்போன அந்த நண்பர் வீட்டு வாசலில் எத்தனை கேமரா இருந்திருக்கும்?

தேன்மொழி_கே:
இதற்கு என்னிடம் எதிர்வாதம் இல்லை. ஆனால் இது செய்தி சேனல்களின் மேல் வைக்க வேண்டிய குற்றச்சாட்டு. மூச்சு நிற்கப்போகிற ஆள் கேமராவைக் கூப்பிடவில்லை.

மட்டுறுத்துநர்:
விபத்தில் பாதிக்கப்பட்ட மற்றவர்களின் பெயரைப் போட்ட ஒரு பதிவை நீக்கியிருக்கிறேன். அவர்கள் பொதுவாழ்க்கைக்கு வந்தவர்கள் இல்லை. பாட்டுக்கும் நடிப்புக்கும் திரும்புங்கள்.

கடுகுமணி:
திரும்பறேன். அந்த சீரியலோட சக்தி தெரியுமா உங்களுக்கு? 2006 மே மாசம், கதையில பள்ளிக்கூடத்துல ஒரு மர்ம வைரஸ் பரவுது. உடனே நிஜத்துல 14 பள்ளிக்கூடத்துல முன்னூறு பிள்ளைகளுக்கு மேல தடிப்பு, மூச்சுத்திணறல், தலைசுத்தல். டாக்டர்கள் பார்த்தா வைரஸும் இல்லை, ஒண்ணும் இல்லை. கூட்டு மனப்பதற்றம். சில பள்ளிக்கூடத்தை மூடவே வேண்டியதாப்போச்சு.

சீரியல் பார்த்தே உடம்புல தடிப்பு வரவழைச்ச பிள்ளைங்க அவங்க. அவங்களுக்கு ஒரு பையன் மேல காதல் வரவழைக்கிறது என்ன பெரிய வித்தை?

சுருதிபேதம்:
இந்த இழையிலேயே நல்ல வாதம் இதுதான், அதுவும் கடுகிடமிருந்து.

பழைய ஆன்டெனா:
நல்ல வாதம்தான். ஆனால் தடிப்பு சில நாளில் போயிற்று. பாட்டு பதினெட்டு வருடம் கழித்தும் போகவில்லை. (ஆல்பம் 2005, கச்சேரி 2023.) மனப்பதற்றம் என்று இதை எழுதிக்கொடுக்க எந்த டாக்டரும் கிடைக்கமாட்டார்.

தேன்மொழி_கே:
நான் ஒரு விஷயம் கவனித்தேன். முதல் ஆல்பத்தில் 'கெரேர் வொல்தார்' என்று ஒரு பாட்டு, 'திரும்பி வர ஆசை' என்று பொருள். நால்வர் குரலும் மாறி மாறி வரும். அவர் குரல் அங்கே பெரிய குரல் இல்லை. சுருதிபேதம் சொல்வது சரி. மூச்சு தெரியும், மேலே போகும்போது இறுகும். ஆனால் சொல்லை விழுங்காமல், எதிரே நிற்கிற ஒருவரிடம் பேசுகிற மாதிரி பாடுவார். பாடகர்கள் பல பேருக்கு வராத பழக்கம். நடிகனுக்கு வரும்.

சுருதிபேதம்:
இதைக் கேட்டுவிட்டு அந்தப் பாட்டையும் தனி ஆல்பத்தையும் நேற்று இரவு ஓடவிட்டேன். 'பைலரீனா'வில் இசைக்கருவிச் சத்தம்தான் முன்னால் நிற்கிறது, ஆள் பின்னால். என் முடிவு மாறவில்லை. 'கெரேர் வொல்தார்' பற்றித் தேன்மொழி சொன்னதை மறுக்கத் தோன்றவில்லை. பேசுகிற மாதிரிதான் இருக்கிறது. "சுமாரான குரல்" என்பதை வைத்துக்கொள்கிறேன், "பொம்மை"யை எடுத்துவிடலாம். ஆனால் தலைப்பைத் திருத்த இங்கே வசதி இல்லை.

லிஸ்பன்_சுப்பு:
இன்னைக்கு மத்தியானம் கிச்சன்ல அந்த அக்காகிட்ட சொன்னேன், எங்க மொழியில நாலு நாளா உங்க ஆன்ஜெலிகோவைப் பத்திச் சண்டை நடக்குதுன்னு. நம்பலை. போனைக் காட்டினேன். "இதுல அவன் பேர் எது?"ன்னு கேட்டாங்க. விரல் வச்சுக் காட்டினேன். ஈரக் கையை ஏப்ரன்ல துடைச்சிட்டு ஒரு படம் எடுத்துக்கிட்டாங்க.

கடுகுமணி:
எந்த வரியைக் காட்டினீங்க?

லிஸ்பன்_சுப்பு:
தலைப்பைத்தான். அங்கதானே பேர் பெருசா இருக்கு. பக்கத்துல இருக்கிற வார்த்தைக்கு அர்த்தம் அவங்க கேட்கலை, நானும் சொல்லலை.