எல்லைப்பெயர்ச்சி: ‘ரீபிராக்கெட்டிங்’ என்பதற்கு ஒரு தமிழ்ச்சொல்

குழுவினர் எல்லோருக்கும் வணக்கம்.

போன வாரம் நான் முன்வைத்த ‘பிறழ்பிரிப்பு’ என்ற சொல்லைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். அதற்குப் பதிலாக ‘எல்லைப்பெயர்ச்சி’யைப் பரிசீலிக்க வேண்டுகிறேன். மனம் மாறிய காரணத்தைச் சொன்னால்தான் உங்களால் சரி என்றோ வேண்டாம் என்றோ சொல்ல முடியும். அதனால் மடல் கொஞ்சம் நீளும்.

இந்த இழைக்குப் புதிதாக வந்தவர்களுக்கு முதலில் பொருளைச் சொல்லிவிடுகிறேன். சொற்களோ சொல்லின் பகுதிகளோ சேர்ந்து ஒலிக்கும்போது, நடுவே உள்ள எல்லையைக் கேட்பவர்கள் வேறு இடத்தில் வைத்துப் பிரித்துக்கொள்வதுதான் ரீபிராக்கெட்டிங். சமையலறையில் கட்டிக்கொள்ளும் ஏப்ரனுக்கு ஆங்கிலத்தில் பழைய பெயர் நேப்ரன். பழைய பிரெஞ்சில் ‘நாப்’ என்றால் மேசை விரிப்பு. அதில் சின்னது ‘நாப்பெரோன்’. நாப்கின் என்ற சொல்லில் அந்த நகரம், அதாவது ‘ந்’ என்ற எழுத்து, இன்னும் அப்படியே இருக்கிறது. ‘எ நேப்ரன்’ என்று வேகமாகச் சொல்லும்போது நடுவில் உள்ள னகரம் முன்சொல்லைச் சேர்ந்ததா பின்சொல்லைச் சேர்ந்ததா என்று காதுக்குத் தெரியாது. கேட்டவர்கள் ‘ஆன் ஏப்ரன்’ என்று பிரித்துக்கொண்டார்கள். அதுவே நிலைத்துவிட்டது. இந்த நாப் என்பதற்கும் மூலம் லத்தீனின் ‘மாப்பா’ என்ற துணி. உலகப் படத்தைத் துணியில் வரைந்த வழக்கத்தால் மேப் என்ற சொல்லும் அந்த வீட்டுப் பிள்ளைதான். ஏப்ரனும் நாப்கினும் மேப்பும் ஒரு தறியில் நெய்தவை என்று வகுப்பில் சொன்னபோது பிள்ளைகளின் முகம் மலர்ந்ததை நான் மறக்கவில்லை.

அம்பயரும் இதே கதைதான். பிரெஞ்சில் ‘நோன்பேர்’, அதாவது இணை இல்லாதவர். இரண்டு பேர் மல்லுக்கு நிற்கும்போது எந்தப் பக்கமும் ஜோடி சேராத மூன்றாவது ஆள். ஆங்கிலத்தில் அது ‘நூம்பர்’ என்றாகி, முன்னால் இருந்த ‘எ’ நகரத்தை இழுத்துக்கொள்ள, அம்பயர் பிறந்தார். நாம் ‘நடுவர்’ என்கிறோம், நடுவில் நிற்பவர். அவர்கள் ஒற்றையாக நிற்பவர் என்று பார்த்திருக்கிறார்கள். இரண்டு பார்வையும் எனக்குப் பிடித்திருக்கிறது.

ஆடர் என்ற பாம்பும் முன்பு ‘நாட்ரே’. ஜெர்மனில் இன்றும் ‘நாட்டர்’ என்று நகரத்தோடுதான் இருக்கிறது.

எதிர்த்திசையிலும் நடக்கும். பல்லி போன்ற உடம்போடு நீரிலும் நிலத்திலும் வாழும் நியூட் முன்பு ‘யூட்’; ‘ஆன்’ என்பதன் னகரத்தை வாங்கிக்கொண்டது. பட்டப்பெயரைக் குறிக்கும் நிக்நேம் முன்பு ‘ஈக்நேம்’. ‘ஈக்’ என்றால் கூடுதலாக. கூடுதல் பெயர் என்ற தெளிவான சொல், னகரம் ஒட்டியதும் பொருள் விளங்காத சொல்லாகிவிட்டது.

இனி, வந்த பரிந்துரைகளுக்கு வருகிறேன்.

> ரீ என்றால் மறு, பிராக்கெட் என்றால் அடைப்பு. ‘மறுஅடைப்பு’ என்றே வைத்துவிடலாமே.

சேலத்து ஐயாவுக்கு: அடைப்புக்குறி என்பது மொழியியலார் தாளில் போடும் அடையாளம் மட்டும்தானே ஐயா. ஏப்ரன் என்று முதலில் சொன்ன சமையல்காரர் எந்தக் குறியும் போடவில்லை. நிகழ்வுக்குப் பெயர் வைக்க வேண்டிய இடத்தில் குறிக்குப் பெயர் வைத்ததாகிவிடும். தவிர, அடைப்பு என்றதும் நம் ஊரில் வடிகாலும் இதயமும்தான் நினைவுக்கு வரும். 1914இல் டென்மார்க் மொழியியலார் யெஸ்பர்சன் இதற்கு ‘மெட்டனாலிசிஸ்’ என்று பெயரிட்டார். அதை ஒட்டி வந்த ‘மறுபகுப்பு’ இதைவிட நல்ல சொல். ஆனால் பகுபதம், பகுதி, பகுப்பாய்வு என்று ‘பகு’வுக்கு ஏற்கனவே நிறைய வேலை கொடுத்துவிட்டோம்.

சரி, என் பிறழ்பிரிப்பை நானே ஏன் விட்டேன்?

போன ஞாயிற்றுக்கிழமை பாலக்கோட்டுப் பக்கம் என் மைத்துனரின் தக்காளிக் காட்டை அளந்தார்கள். பக்கத்துக் காட்டுக்காரரும் வந்து நின்றார். சர்வேயர் டேப்பைப் பிடித்து, பழைய எல்லைக்கல் இரண்டடி தள்ளி நிற்கிறது என்றார். கடப்பாரையால் நெம்பிக் கல்லைப் பெயர்த்து, ஈர மண் ஒட்டிய அடிப்பாகத்தோடு தூக்கி, இரண்டடி மேற்கே நட்டார்கள். நான் வரப்பில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். மண் எங்கும் போகவில்லை. மொத்தப் பரப்பில் ஒரு சாண் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. ஒரு வரிசைத் தக்காளிச் செடி மட்டும் இருந்த இடத்திலேயே நின்றபடி இந்தப் பட்டாவிலிருந்து அந்தப் பட்டாவுக்குப் போய்விட்டது.

நேப்ரனுக்கு நடந்தது இதுவேதான். ஒலி அப்படியே இருக்கிறது, கல்தான் ஓர் எழுத்து தள்ளிப்போனது. ‘பிறழ்’ என்று சொன்னால் யாரோ தப்பு செய்துவிட்டார்கள் என்று தொனிக்கிறது. தலைமுறை தலைமுறையாக ஒரு மக்கள் பேசி நிலைநாட்டியதை நாம் பிழை என்று அகராதியில் எழுதுவது நியாயமில்லை. பெயர்ச்சி என்றால் இடம் மாறுவது மட்டும்தான். குருப்பெயர்ச்சி, சனிப்பெயர்ச்சி என்று எல்லா வீட்டிலும் புழங்கும் சொல். ஒரு வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்குப் போவது என்று பாட்டிகளுக்கும் தெரியும்.

இந்த மாவட்டத்துக்காரர்களுக்கு அது இன்னும் நன்றாகப் புரியும். 2004 பிப்ரவரி 9 அன்று கிருஷ்ணகிரி தனி மாவட்டமானது. முந்தின நாள் தருமபுரி மாவட்டத்தில் படுத்த ஓசூர்க்காரர், அதே கட்டிலில் கிருஷ்ணகிரி மாவட்டத்தில் எழுந்தார்.

இலக்கணத்தில் இதற்கு இடம் உண்டா என்று மதுரை நண்பர் கேட்டிருந்தார். நிறையவே உண்டு. தொல்காப்பியத்தில் சொற்கள் சேர்வதைப் பேசும் புணரியலில், எழுத்து ஒன்றாகவே இருந்து பொருள் வேறுபடும் புணர்ச்சி, இசையால் பிரித்து அறியப்படும் என்று ஒரு நூற்பா வருகிறது. உரையாசிரியர்கள் காட்டும் எடுத்துக்காட்டு ‘செம்பொன்பதின்தொடி’. செம்பொன் பதின் தொடி என்று பிரித்தால் பத்துத் தொடி எடை தங்கம். செம்பு ஒன்பதின் தொடி என்று பிரித்தால் ஒன்பது தொடி எடை செம்பு. கல் ஓர் எழுத்து தள்ளினால் தங்கம் செம்பாகிறது! ‘குன்றேறாமா’வும் அப்படித்தான். குன்று ஏறு ஆமா என்றால் மலை ஏறுகிற காட்டுப்பசு. குன்று ஏறா மா என்றால் மலை ஏறாத விலங்கு. ஆங்கிலத்துக்கும் நமக்கும் வேறுபாடு ஒன்றுதான். இங்கே இரண்டு பிரிப்பும் ஒரே நேரத்தில் உயிரோடு இருக்கின்றன. அங்கே புதியது வென்று பழையது மறைந்துவிட்டது. அந்த வெற்றிக்குத்தான் நாம் இப்போது பெயர் தேடுகிறோம்.

> ஆரஞ்சுதான் இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. ‘எ நாரஞ்சு’ என்பது ‘ஆன் ஆரஞ்சு’ ஆனது.

இதைப் பல இடங்களில் படிக்கிறோம். ஆனால் பதிவில் இப்படியே எழுதக் கூடாது. அந்த நகரம் ஆங்கிலத்துக்கு வந்து தொலையவில்லை. வரும் வழியில் இத்தாலியிலும் பிரான்சிலுமே போய்விட்டது. அங்கும் பழத்துக்கு முன்னால் வரும் ‘உன்’, ‘உனா’ போன்ற அடைகள் னகரம் கொண்டவை, அவை விழுங்கியிருக்கும். வடமொழியில் நாரங்கம், பாரசீகத்தில் நாரங், அரபியில் நாரஞ்ச், ஸ்பானிய மொழியில் இன்றும் ‘நாரன்ஹா’. நம் வீட்டு நாரத்தையும் இந்தக் குடும்பம்தான். மூலமே திராவிடச் சொல் என்று கருதுவோர் பலர். என் மாமியார் நாரத்தங்காயைச் சுருள் சுருளாக, அறுபடாமல் சுற்றி வெட்டி, இடுக்கெல்லாம் கல்லுப்பைத் திணித்து ஜாடியில் போடுவார். அந்த ஜாடிக்குள் இருக்கும் நகரம் கடைத்தெரு வண்டியில் குவித்திருக்கும் ஆரஞ்சில் இல்லை.

கடைசியாக ஒரு சோதனை. சொல் வினையாக வளைய வேண்டும், பெயரெச்சமாகவும் நிற்க வேண்டும். ‘ஹெலிகாப்டர் என்பதில் எல்லை பெயர்ந்தது’ என்று சொல்லிப் பாருங்கள். 1861இல் பிரெஞ்சுக்காரர் பொன்டோன் தமேகூர் அதை ‘ஹெலிகோ’ என்ற சுருளையும் ‘ப்டெர்’ என்ற சிறகையும் சேர்த்து உருவாக்கினார், சுருள்சிறகு என்ற பொருளில். பேசியவர்கள் ‘ஹெலி’, ‘காப்டர்’ என்று வெட்டினார்கள். அதனால்தான் ஹெலிபேடு வந்தது. ‘எல்லை பெயர்ந்த சொல்’ என்றாலும் நாக்கு தடுக்கவில்லை.

உங்கள் கருத்துக்குக் காத்திருக்கிறேன்.

தருமபுரியிலிருந்து


ஓசூரிலிருந்து அக்காவின் மறுமொழி:

தம்பி, சொல் எனக்குப் பிடித்திருக்கிறது. இரண்டு தடைகள் சொல்கிறேன்.

ஒன்று, அகராதியில் தனியாக ‘எல்லைப்பெயர்ச்சி’ என்று கண்டால் நில அளவைத் துறைச் சொல் என்று நினைப்பார்கள். தலைச்சொல் ‘சொல்லெல்லைப்பெயர்ச்சி’ என்று இருக்கட்டும், கட்டுரைக்குள் சுருக்கிக்கொள்ளலாம்.

இரண்டாவதுதான் பெரியது. இழையில் முன்பு பட்டியலிட்ட ஆல்கஹாலையும் அலிகேட்டரையும் என்ன செய்யப் போகிறீர்கள்? ஆல்கஹால் அரபியின் ‘அல் குஹ்ல்’, கண்ணுக்கு இடும் மை. நுண்பொடிக்கும் பிறகு வடித்தெடுத்த சாரத்துக்கும் பெயராகி, சாராயத்தில் வந்து நின்றது. அலிகேட்டர் ஸ்பானிய ‘எல் லகார்ட்டோ’, பல்லி. இவற்றில் கல் நகரவில்லை. கல்லைப் பிடுங்கிவிட்டு இரண்டு காட்டையும் ஒன்றாக உழுதுவிட்டார்கள். எங்கள் ஊரே அப்படித்தான். கன்னடத்தில் ‘ஹொஸ ஊரு’, புது ஊர். ஓசூர் என்று தமிழில் சொல்லும்போது யாருக்கு அந்த இடைவெளி கேட்கிறது? ஒகேனக்கல்லும் ‘ஹொகெ’ என்ற புகையும் கல்லும் சேர்ந்ததுதான். இதற்கு வேறு சொல் வேண்டும்.

கட்டுமரத்திலிருந்து ‘ட்ரைமரான்’ செய்ததை ஒருவர் சேர்த்திருந்தார். அதை எடுத்துவிடுங்கள். கட்டு, மரம் என்ற எல்லை அங்கே சரியாகவே இருக்கிறது. ‘மரான்’ என்றால் படகின் உடல் என்று பொருள்தான் மாறியிருக்கிறது.


அக்காவுக்கு என் பதில்:

அக்கா, இரண்டையும் ஏற்றுக்கொள்கிறேன். இரண்டாவதை நான் பார்க்கத் தவறியிருந்தேன். அதற்கு ‘எல்லைமறைவு’ என்று வைக்கலாமா? ட்ரைமரானை எடுத்துவிட்டேன். நம் மரம் அவர்கள் கடலில் படகுடலாக மிதப்பதை வேறு இழையில் ஆசையாகப் பேசலாம்.

நீங்கள் ‘தம்பி’ என்று அழைத்ததும்தான் உறைத்தது. நமக்குள்ளேயே எல்லைமறைவுக்கு இதைவிடப் பெரிய சான்று வேண்டாம். தம் பின் பிறந்தவன் தம்பி. என் பின் பிறந்தவன் எம்பி, உன் பின் பிறந்தவன் நும்பி. தந்தை, எந்தை, நுந்தை என்பதும் அப்படியே; குறுந்தொகை 40ஆம் பாட்டில் எந்தையும் நுந்தையும் அடுத்தடுத்து நிற்கிறார்கள். இன்று ‘என் தந்தை’, ‘உன் தம்பி’ என்கிறோம். உள்ளே ஒரு ‘தம்’ இருப்பது யார் காதிலும் விழுவதில்லை. ஆங்கிலேயர் இதே உறவுப் பேச்சில் வேறு வழி போனார்கள். ‘மைன் எட்’, அதாவது என் எட், என்று கொஞ்சியது ‘மை நெட்’ ஆகி, எட்வர்டுக்கு நெட் என்ற செல்லப்பெயர் வந்தது. அது பெயர்ச்சி, நம் தம்பி மறைவு.

சுடுதண்ணீரையும் மண்ணெண்ணெயையும் எல்லைமறைவின் கீழ்ச் சேர்க்கிறேன். தண்மை மறைந்ததால்தான் தண்ணீரைச் சுட வைக்க முடிகிறது. எள் மறைந்ததால்தான் மண்ணிலிருந்தும் எண்ணெய் எடுக்கிறோம். இரண்டு தலைச்சொற்களுக்கும் வரைவை ஞாயிற்றுக்கிழமைக்குள் அனுப்பிவிடுகிறேன். ஓசூர்ப் பக்கம் புழங்கும் கன்னட, தெலுங்கு எடுத்துக்காட்டுகள் இன்னும் நாலைந்து உங்களிடம் இருக்கும், அதற்குள் எழுதிப் போடுங்கள்.