ஆரல் கடல் இருப்பதால் உஸ்பெகிஸ்தான் கடலுள்ள நாடாகிவிடுமா?

கொட்டியாரக்கரை (திருகோணமலை) எழுதியது:

தரம் 9 இல் கற்கும் என் மகள் கடந்த வாரம் பொது அறிவுப் போட்டியொன்றில் கலந்துகொண்டாள். கடலை அடைவதற்குக் குறைந்தது இரண்டு நாடுகளையாவது கடக்க வேண்டிய நாடுகள் எவை என்ற வினாவுக்கு, லிச்சென்ஸ்டைன், உஸ்பெகிஸ்தான் என்று விடை எழுதியிருக்கிறாள். முதலாவதை ஏற்றுக்கொண்ட நடுவர், உஸ்பெகிஸ்தானுக்கு ஆரல் கடல் இருக்கிறதே என்று சொல்லி இரண்டாவதற்குப் புள்ளி தர மறுத்துவிட்டாராம். அன்றிலிருந்து உலகப்படத்தை விரித்து வைத்துக்கொண்டு, "பெயரில் கடல் இருந்தால் அது கடலாகிவிடுமா அப்பா?" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறாள்.

டச்சுக் குடாவைப் பார்த்து வளர்ந்த எனக்கு, கடலே இல்லாத நாடு ஒன்றை மனத்தில் கொண்டுவருவதே சிரமமாக இருக்கிறது. துறைமுகம் இல்லாமல் அந்நாடுகள் எவ்வாறு வணிகம் செய்கின்றன என்பதையும் அறிந்தவர்கள் விளக்கினால் உதவியாக இருக்கும்.

ஓய்வுநிலை ஆசிரியர் (உப்புவெளி) எழுதியது:

உங்கள் மகளின் விடை முற்றிலும் சரியானது. புவியியலில் ஒரு நாட்டை நிலஞ்சூழ் நாடு என்று வகுக்கும்போது, உலகப் பெருங்கடல்களோடு இயற்கையாகத் தொடர்புள்ள நீர்ப்பரப்பில் அதற்குக் கரை இருக்கிறதா என்பதையே பார்க்கிறோம். ஆரல் ஓர் உப்புநீர் ஏரி. அதில் விழுந்த நீர் ஆவியாவதைத் தவிர வெளியேற வழியே இல்லை. 1960களிலிருந்து அமு தாரியா, சிர் தாரியா ஆகிய இரு ஆறுகளின் நீரும் பருத்திச் செய்கைக்காகத் திருப்பப்பட்டதால், ஒரு காலத்தில் உலகின் நான்காவது பெரிய ஏரியாக இருந்த அது பெரும்பகுதி வற்றிப்போய்விட்டது. உஸ்பெகிஸ்தானின் பழைய மீன்பிடித் துறைமுகமான முய்னாக்கில் துருப்பிடித்த படகுகள் மணலில் நிற்கின்றன. நடுவர் சொன்ன "கடலை" அந்த ஊரார் கூட இன்று நெடுந்தூரம் வாகனத்தில் போய்த்தான் பார்க்க வேண்டும்.

உஸ்பெகிஸ்தானின் அயல் நாடுகள் ஐந்து: கசகஸ்தான், கிர்கிஸ்தான், தஜிகிஸ்தான், ஆப்கானிஸ்தான், துர்க்மெனிஸ்தான். இவற்றில் எதற்குமே பெருங்கடற்கரை இல்லை. 1991 இல் சோவியத் ஒன்றியம் குலைந்தபோதுதான் இந்த நிலை உருவானது. லிச்சென்ஸ்டைனின் கதையும் இதைப் போன்றதே. 160 சதுர கிலோமீற்றர் பரப்புள்ள அந்தச் சிறு நாட்டின் ஒரு பக்கம் சுவிற்சர்லாந்து, மறுபக்கம் ஒஸ்திரியா. முதலாம் உலகப் போர் முடியும் வரை ஒஸ்திரியா-ஹங்கேரிப் பேரரசிடம் திரியெஸ்தே துறைமுகம் இருந்தமையால், ஓர் எல்லையைத் தாண்டினாலே கடல் கிடைத்தது. 1918 இல் அப்பேரரசு சிதறியதிலிருந்து இன்றுவரை லிச்சென்ஸ்டைனுக்குக் கடலை அடைய இரண்டு எல்லைகள்தான்.

சீனன்குடா எழுதியது:

கப்பல் வேலையில் இருந்தவன் என்ற முறையில் இரண்டாவது வினாவுக்கு விடை தர முயல்கிறேன். கடல் இல்லாத நாட்டின் துறைமுகம் அயலவனின் வீட்டு முற்றத்தில்தான் இருக்கும். ஆகவே அயலவனோடு எவ்வாறு பழகுகிறது என்பதைப் பொறுத்தே அதன் வணிகம் நடக்கும். எதியோப்பியாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1993 இல் எரித்திரியா தனி நாடானபோது மசாவா, அசாப் ஆகிய இரு துறைமுகங்களும் அதனோடு போய்விட்டன. 1998 இல் இரு நாடுகளுக்குமிடையே போர் மூண்டபின் அந்தப் பாதையும் அடைபட்டது. பத்துக் கோடிக்கு மேல் சனத்தொகை கொண்ட அந்நாட்டின் வெளிநாட்டு வணிகத்தில் மிகப் பெரும் பங்கு, ஜிபூத்தி என்ற சிறு நாட்டின் துறைமுகத்தையே நம்பி நடக்கிறது.

ஆனால் என் மனத்தில் நிற்பது பொலிவியாதான். பசிபிக் கரையில் அதற்கு அந்தோபகஸ்தா என்ற துறைமுகம் இருந்தது. அங்கே வெடியுப்பு எடுத்துவந்த சிலி நாட்டு நிறுவனத்தின் மீது பொலிவியா விதித்த புதிய வரியினால் தகராறு முற்றி, 1879 இல் சிலியின் படைகள் அந்நகரைக் கைப்பற்றின. தொடர்ந்த போரில் பொலிவியா தன் கரை முழுவதையும் இழந்தது. 1904 ஆம் ஆண்டின் உடன்படிக்கை அந்த இழப்பை உறுதிசெய்தாலும், சிலியின் துறைமுகங்கள் வழியாகப் பொருள்களைக் கொண்டுசெல்லும் உரிமையைப் பொலிவியாவுக்குத் தந்தது. அரிக்காவிலிருந்து லா பாஸ் வரை சிலி புகையிரதப் பாதையும் அமைத்துக் கொடுத்தது. இருந்தும் ஆறவில்லை. ஒவ்வோராண்டும் மார்ச் 23 ஆம் திகதியை அங்கே கடல் நாளாக அனுட்டிக்கிறார்கள். ஏறத்தாழ 3,800 மீற்றர் உயரத்திலுள்ள திதிகாகா ஏரியில் கடற்படையும் வைத்திருக்கிறார்கள். கடலுக்கு வழிவிடுவது பற்றிப் பேச்சுவார்த்தை நடத்தும் கடப்பாடு சிலிக்கு இல்லை என்று 2018 இல் சர்வதேச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கடல் கண்ணுக்கு முன்னால் கிடக்க, அதை ஒருநாளும் பெரிதாக எண்ணாத நம் ஊரிலிருந்து பார்த்தால் இது விசித்திரமாகத் தோன்றலாம்.

எல்லைக்கோடு எழுதியது:

ஆசிரியர் ஐயாவிடம் ஓர் ஐயம். கசகஸ்தானுக்குக் கஸ்பியன் கடலில் கரை உண்டு. 1952 இல் ரஷ்யாவில் திறக்கப்பட்ட வொல்கா-டொன் கால்வாய் வழியாகக் கஸ்பியனிலிருந்து அசோவ் கடலுக்கும், அங்கிருந்து கருங்கடலுக்கும் கப்பல்கள் போகின்றன அல்லவா? அப்படியானால் கசகஸ்தானுக்கு உண்மையில் கடல்வழி இருக்கிறதே. உஸ்பெகிஸ்தானும் ஒரே ஓர் எல்லையைத் தாண்டினால் போதுமே!

ஓய்வுநிலை ஆசிரியர் எழுதியது:

நல்ல வினா. ஆனால் அந்த வழி முழுவதும் ரஷ்யாவின் உள்நாட்டு நீர்வழி. ரஷ்யாவின் இசைவு இல்லாமல் ஒரு படகும் நுழைய முடியாது. பேசெல் நகரிலிருந்து ரைன் ஆற்றில் இறங்கிக் கடலுக்குப் போகலாம் என்பதற்காகச் சுவிற்சர்லாந்தை யாரும் கடலுள்ள நாடு என்பதில்லை. நிலஞ்சூழ் நாடுகள் கடலைச் சென்றடையும் உரிமையை 1982 ஆம் ஆண்டின் ஐக்கிய நாடுகள் கடற்சட்ட சமவாயம் ஏற்கிறது. எனினும் அதன் விவரங்களை இடையிலுள்ள நாட்டோடு பேசித்தான் முடிவுசெய்ய வேண்டும்.

கொட்டியாரக்கரை எழுதியது:

அனைவருக்கும் நன்றி. மகளுக்கு எல்லாவற்றையும் வாசித்துக் காட்டினேன். ஆசிரியர் ஐயா கோபிக்கக் கூடாது: 1918 இலிருந்து இன்றுவரை என்று நீங்கள் எழுதியது பிழை என்கிறாள். 1938 இல் ஜேர்மனி ஒஸ்திரியாவைத் தன்னோடு இணைத்துக்கொண்டதால், 1945 வரை லிச்சென்ஸ்டைனின் அயல் நாடு ஜேர்மனி. ஜேர்மனிக்கோ வட கடலும் பால்டிக் கடலும் இருந்தன என்று வாதிடுகிறாள்.

ஓய்வுநிலை ஆசிரியர் எழுதியது:

சரிதான், எனக்கு அது தோன்றவில்லை. அந்த ஏழு ஆண்டுகளைக் கழித்துக்கொள்கிறேன். அந்த உலகப்படத்தோடு பிள்ளையை நடுவரிடம் ஒருமுறை அழைத்துச் செல்லுங்கள்.