சரக்கொன்றை நட்டு ஐந்து வருடமாகியும் பூக்கவில்லை, என்ன கோளாறு?

முல்லைக்கொடி:
பையில் வளர்ந்த கன்றாக வாங்கி நட்ட சரக்கொன்றை. இப்போது பன்னிரண்டு அடி. இலை கரும்பச்சை, வளர்ச்சியில் குறையே இல்லை, ஆனால் ஒரு சரம்கூட விடவில்லை. நிற்பது புல்தரை நடுவில். புல்லுக்குத் தினமும் தண்ணீர் போகிறது, மாதம் ஒருமுறை யூரியாவும் தூவுகிறோம். காலையிலிருந்து மதியம் இரண்டு மணிவரை நேர் வெயில். குடை மாதிரி நிற்கட்டும் என்று கோடைக்குச் சற்று முன்னால் கிளை நுனிகளை வெட்டிவிடுவோம். போன மாதம் பச்சைப் புழு ஏறித் தளிரையெல்லாம் மொட்டையடித்துவிட்டது. மருந்து அடிக்க வேண்டுமா? இன்னொன்று, இதன் விதையைப் போட்டால் முளைக்கவே மாட்டேன் என்கிறதே, ஏன்?

மண்வெட்டி:
வெயில் போதும். தப்பு கத்தரியில், அப்புறம் தண்ணீரில், அப்புறம் யூரியாவில்.

கொன்றை பூப்பது போன பருவத்தில் விளைந்து முற்றிய கிளையில். இலை உதிர்ந்த கணுவைக் கிட்டப் போய்ப் பாருங்கள். காம்பு விழுந்த தழும்புக்கு மேலே பொடி மொட்டு ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கும். சரம் இறங்குவது அங்கிருந்துதான். கோடைக்கு முன் நுனியை வெட்டுவது அந்த வருடத்துப் பூவையே வெட்டுவது. கவாத்து செய்ய வேண்டுமென்றால் கடைசிச் சரம் உதிர்ந்த இரண்டு மூன்று வாரத்துக்குள் செய்துவிடுங்கள். அப்போதும் பட்டுப்போன கிளை, ஒன்றோடொன்று உரசும் கிளை இவற்றை மட்டும் எடுத்தால் போதும்.

அடுத்தது தண்ணீர். இது மண் காய்கிற காலத்தில் இலையை உதிர்த்து, வெறும் கொம்பாக நின்று, பிறகு பூக்கிற மரம். தினமும் ஈரம் இருந்தால் அதற்கு இலையை விட மனசே வராது. கோடைக்கு முந்தைய இரண்டு மாதம் பாசனத்தை நிறுத்துங்கள். வேர் இறங்கிய ஐந்து வயது மரம் தாங்கும். இலை பழுத்துக் கொட்டும்போது பதறி மறுபடி தண்ணீர் விட்டுவிடாதீர்கள், பெரும்பாலும் அங்கேதான் கெடுகிறது. யூரியாவை அறவே நிறுத்துங்கள். அவரைக் குடும்பத்து மரம், யூரியா கொடுக்கும் தழைச்சத்தை, அதாவது நைட்ரஜனை, தானே பிடித்துக்கொள்ளும்.

வேரடி:
கவாத்து, தண்ணீர் இரண்டும் சரி. கடைசி வரி மட்டும் தப்பு. அவரைக் குடும்பமானாலும் சரக்கொன்றைக்கு வேர்முடிச்சு, அதாவது தழைச்சத்தைப் பிடிக்கும் நுண்ணுயிர் தங்கும் சின்னக் கட்டி, வேரில் கிடையாது, காற்றிலிருந்து தழைச்சத்தைப் பிடிக்காது. யூரியாவை நிறுத்த வேண்டியதுதான், ஆனால் பட்டினி போடக்கூடாது. பூ முடிந்து மழை தொடங்கும்போது பத்துப் பதினைந்து கிலோ மட்கிய தொழுவுரம், கூடவே நூறு கிராம் பொட்டாசியம் சல்பேட். கிளை நிழல் விழும் விளிம்பை ஒட்டி வட்டமாகப் போட்டு மண்ணால் மூடுங்கள். அடிமரத்தை ஒட்டிக் கொட்ட வேண்டாம். வருடத்துக்கு இந்த ஒருமுறை போதும்.

பைக்கன்று என்பதால் இன்னொன்றையும் பார்த்துவிடுங்கள். அடிமரத்தைச் சுற்றி நாலு விரல் ஆழம் மண்ணைக் கையால் விலக்குங்கள். பைக்குள் சுருண்ட வேர் கயிறு மாதிரி தண்டைச் சுற்றியிருந்தால், தண்டு பருக்கப் பருக்க அது இறுக்கும். விரல் தடிமனுக்குள் இருந்தால் சுத்தமான கத்தியால் அறுத்து எடுத்துவிடலாம். அதைவிடத் தடித்திருந்தால் ஒரே நாளில் எல்லாவற்றையும் அறுக்காமல் வருடத்துக்கு ஒன்றாக எடுங்கள்.

வயதையும் கணக்கில் வையுங்கள். விதைக்கன்று பூக்க ஏழெட்டு வருடம்கூட ஆகும்.

தளிர்:
அந்தப் புழு வெளிர்மஞ்சள் வண்ணத்துப்பூச்சியினுடையது. இளந்தளிரில் ஒவ்வொரு முட்டையாக வைத்துவிட்டுப் போகும். மரம் சில வாரத்தில் மறுபடி தழைத்துவிடும், மருந்து வேண்டாம். பூக்கும் சமயத்தில் அடித்தால் மகரந்தம் சேர்க்க வரும் பெரிய கருவண்டுகளும் சாகும். இடுப்புயரக் கன்றாக இருந்தால் மட்டும் கையால் பொறுக்கிவிடுங்கள்.

விதை முளைக்காததற்குக் காரணம் அதன் ஓடு. தண்ணீர் உள்ளே போகவே போகாது. கறுத்து முற்றிய காயை உடைத்தால் அறை அறையாகத் தடுப்பு இருக்கும், ஒவ்வொன்றிலும் பிசுபிசுப்பான கருஞ்சதையும் ஒரு விதையும். சதையைக் கழுவிவிட்டு, விதையின் காம்பு ஒட்டியிருந்த முனையைத் தொடாமல், பக்கவாட்டில் உப்புத்தாளில் தேயுங்கள். பழுப்பு போய் வெளிர்நிறம் தெரிந்ததும் நிறுத்தி, ஒருநாள் தண்ணீரில் போடுங்கள். இரண்டு மடங்கு உப்பியது முளைக்கும். உப்பாததை மறுபடி தேய்க்க வேண்டும். ஒன்றரை சென்டிமீட்டர் ஆழத்தில், ஆழமான பையில் ஊன்றுங்கள். ஆணிவேர் வேகமாக இறங்கும், பையில் அதிகநாள் வைத்தால் வேரடி சொன்ன சுருள்தான் மிஞ்சும்.

முல்லைக்கொடி:
கத்தரியை எடுத்து வைத்துவிட்டேன். ஆனால் புல்லுக்குத் தண்ணீர் நிறுத்தினால் புல் கருகிவிடுமே?

மண்வெட்டி:
கிளை பரவிய அளவுக்குப் புல்லைச் செதுக்கி எடுத்துவிட்டு, மூன்று அங்குலம் காய்ந்த இலை மூடாக்குப் போடுங்கள், தண்டிலிருந்து ஒரு சாண் தள்ளி. வட்டத்தின் ஓரத்தில் சின்னதாக ஒரு வரப்பு. புல்லுக்குப் பாயும் தண்ணீர் உள்ளே வராமல் அது தடுக்கும்.