இந்தோனேசியக் காணொளி அலை தலைநகருக்கு வெளியிலிருந்து எழுந்ததா?

கடலோடி (கேள்வி):
2025இல் ரியாவ் மாகாணத்தின் பாச்சு ஜாலுர் படகுப் போட்டியில், ஓடும் படகின் முனையில் நின்று ஆடிய சிறுவனின் காணொளி உலகெங்கும் பரவியதைப் பார்த்த பிறகே அந்நாட்டின் இணையப் பண்பாட்டைக் கவனிக்கத் தொடங்கினேன். பெரிய தொலைக்காட்சி நிலையங்கள் ஜகார்த்தாவில் குவிந்திருக்க, வெளியூர்க் காணொளிகள் இவ்வளவு செல்வாக்குப் பெற்றது எப்படி?

செந்தாமரை:
இது புதிதன்று. 2010இல் பண்டுங் நகர மாணவியர் இருவர், டங்டுட் என்னும் இந்தோனேசிய வெகுமக்கள் இசைவகைப் பாடல் ஒன்றுக்கு வாயசைத்து யூடியூபில் ஏற்றிய காணொளி நாடெங்கும் பேசப்பட்டது. மறு ஆண்டு, சுலாவெசித் தீவின் கொரொந்தாலோவில் நோர்மான் கமாரு என்ற காவலர், சீருடையுடன் ஓர் இந்திப் பாட்டுக்கு வாயசைத்துப் புகழ்பெற்றார். ரஹ்மான் இசையில் நாம் ‘தையா தையா’ என்று கேட்ட அதே மெட்டுதான். அவ்வாண்டு இறுதியிலேயே காவல் பணியிலிருந்து நீக்கப்பட்டார் என்பது வேறு கதை. ஆனால், அக்காலத்தில் இணையம் வாசலாக மட்டுமே இருந்தது. பிழைப்புக்கு இவர்கள் தொலைக்காட்சியைத்தான் நாட வேண்டியிருந்தது.

வரப்போரம்:
ஊரைவிட மொழியே முதன்மையானது என்பேன். பல கோடிப் பேருக்குத் தாய்மொழியாக இருந்தும், தேசியத் தொலைக்காட்சியில் ஜாவா மொழி பெரும்பாலும் நகைச்சுவைப் பாத்திரங்களின் பேச்சாகவே ஒலித்தது. மாலாங் நகரத்து பாயு ஸ்காக், யூடியூபில் ஜாவா மொழியிலேயே பேசிப் பெயர்பெற்று, 2018இல் அம்மொழியிலேயே எடுத்த படத்தை இந்தோனேசிய மொழித் துணையுரையுடன் திரையரங்குகளில் வெளியிட்டார். பல்லாண்டுகளாக ஜாவா மொழியில் பிரிவுத்துயரைப் பாடிவந்த சோலோ நகரத்து டிடி கெம்போட்டை, 2019இல் இளைஞர்கள் இணையத்தில் கொண்டாடி, தங்களை ‘சோபாட் அம்பியார்’, அதாவது நொறுங்கிப்போன தோழர்கள், என்று அழைத்துக்கொண்டனர். மறு ஆண்டு மே மாதம் அவர் மறைந்தார்; அந்தக் கூட்டம் கலையவில்லை.

செந்தாமரை:
மொழி பற்றி நீங்கள் சொல்வதை ஏற்கிறேன். இருப்பினும் கடிவாளம் இன்னும் ஜகார்த்தாவில்தான் இருக்கிறது. 2018 ஜூலையில் டிக்டாக்கை அரசு சில நாட்கள் முடக்கியது. 2023 அக்டோபரில் சமூக ஊடகத்துக்குள் நேரடி விற்பனை தடைசெய்யப்பட்டு டிக்டாக் ஷாப் மூடப்பட்டபோது, நேரலையில் துணி விற்றுவந்த சிற்றூர் வணிகர்களும் பாதிக்கப்பட்டனர். உள்நாட்டு இணைய வணிக நிறுவனமான டோக்கோபீடியாவின் பெரும்பங்கை வாங்க ஒப்பந்தம் செய்த பிறகே, டிசம்பரில் அந்தக் கடை மீண்டும் திறந்தது.

கடலோடி:
இருவருக்கும் நன்றி. வரப்போரம் ஐயா, மேற்கு ஜாவாவில் பேசப்படும் சுந்தா மொழியிலும் இத்தகைய எழுச்சி உண்டா?