கையெழுத்துப் போடலாமா, பொறுக்கலாமா?

எல்லோருக்கும் வணக்கம். பைக்கில் போன என் தம்பியைப் பின்னாலிருந்து ஒரு கார் இடித்துவிட்டது. முழங்கால் எலும்பு முறிந்து தகடு வைத்திருக்கிறார்கள். இப்போது கார்க்காரரின் காப்பீட்டு நிறுவனம் ஒரு தொகையைச் சொல்லி, சீக்கிரம் கையெழுத்துக் கேட்கிறது. தாளில் ‘முழு மற்றும் இறுதித் தீர்வு’ என்று இருக்கிறது. போட்டுவிட்டால் பிறகு கூடுதலாகக் கேட்பது கஷ்டம் என்பது தெரியும். ஆனால் தகட்டை எடுக்க இன்னொரு அறுவை சிகிச்சை வரலாம். முட்டி எவ்வளவு மடங்கும் என்று மருத்துவரே இன்னும் சொல்லவில்லை. நிரந்தர பாதிப்பு எவ்வளவு என்று மதிப்பிடும் முன்பே கணக்கை முடிப்பது சரியா? அதற்காகத் தள்ளிக்கொண்டே போனால் வழக்குப் போடும் காலக்கெடு தாண்டிவிடுமோ என்ற பயமும் இருக்கிறது.

பெரிய தலைவலி வருமான இழப்புதான். அவன் சொந்தமாகத் தச்சு வேலை செய்கிறவன், சம்பளச் சீட்டு கிடையாது. வங்கிக் கணக்கு விவரமும் வாடிக்கையாளர்கள் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகளும் இருக்கின்றன. இவை போதுமா? மருத்துவ ரசீது, காவல்துறை அறிக்கை, படங்கள் எல்லாம் பத்திரமாக உள்ளன.

அப்புறம், பைக்கின் பின்விளக்கு எரியவில்லை என்கிறார்கள் (பட்டப்பகலில்!). அவன் பக்கமும் தவறு என்று காட்டித் தொகையைக் குறைக்கத்தான் இந்தப் பேச்சு. இதைச் சந்தித்தவர்கள் என்ன செய்தீர்கள்? சொல்லுங்களேன்.