புதுப்பிப்பு: மகளுக்குப் பிசியோதெரபி கல்லூரி தேர்ந்தெடுத்தது எப்படி

கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில், தமிழ்நாட்டு எல்லையோரம் உள்ள கொழிஞ்சாம்பாறையிலிருந்து எழுதுகிறேன். பிளஸ் டூ முடித்த மகளைப் பிசியோதெரபி பட்டப்படிப்புக்குக் கோவைக்கு அனுப்புவதா, கேரளத்திலேயே சேர்ப்பதா என்று சென்ற ஆண்டு இங்கே கேட்டிருந்தேன். வழிகாட்டிய அனைவருக்கும் நன்றி. கேரளத்தில் சேர்த்துவிட்டோம்.

முதலில் எந்தப் பல்கலைக்கழகத்தின் இணைப்பு என்று சரிபார்த்தோம்: கோவைக் கல்லூரிகளுக்குத் தமிழ்நாடு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகம், இங்குள்ளவற்றுக்குத் திருச்சூரில் இயங்கும் கேரள சுகாதாரப் பல்கலைக்கழகம். அதில் பெரிய வேறுபாடு தெரியவில்லை.

முடிவைத் தந்தது, "கட்டடத்தைப் பார்க்காமல், மாணவர்கள் பயிற்சி பெறும் மருத்துவமனையின் பிசியோதெரபி பிரிவில் ஒரு காலைப்பொழுது உட்கார்ந்து பாருங்கள்" என்று ஒரு சகோதரி சொன்ன யோசனைதான். நாங்கள் மிகவும் விரும்பிய கல்லூரியில் கருவிகள் எல்லாம் புதியவை. ஆனால் அன்று முற்பகல் முழுவதும் வந்த நோயாளிகள் மூவர் மட்டுமே. மற்றொன்றில் பக்கவாதம், முழங்கால் அறுவை சிகிச்சை, முதுகுவலி என வரிசையாக வந்தவர்களை, ஆசிரியர் அருகிலிருக்க, மாணவர்களே எழுப்பி நடக்க வைத்தார்கள். கையால் தொட்டுக் கற்க வேண்டிய படிப்பு இது என்பதால் நான் அதன்பின் தயங்கவில்லை.

கேரளத்தில் இந்தப் படிப்புக்கான இடங்களை ஒதுக்கும் எல்.பி.எஸ். மையத்தில் விண்ணப்பிக்கப் பிறப்பிடச் சான்றிதழை முன்கூட்டியே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

எதிர்பாராதது ஒன்று: தமிழ்வழியில் படித்தவளுக்கு மலையாளம் தடையாகும் என அஞ்சினேன். பாடமும் நோயாளிக் குறிப்பும் ஆங்கிலத்தில்தான். எல்லைப்புறத்திலிருந்து வரும் தமிழ் முதியோரிடம் வலியைக் கேட்டறிய ஆசிரியர்கள் இப்போது அவளையே அழைக்கிறார்கள்.